பட்டுப்புழு மனையில் ஒரு டீகம்பைலர்

இயந்திரத்துக்கு மட்டும் புரியும் பைனரி கோப்பைக் கிட்ரா என்ற டீகம்பைலரில் போட்டால், மனிதர் எழுதிய சோர்ஸ் கோட் அப்படியே திரும்பி வந்துவிடும் என்று நம்புகிறவர்களைப் பார்த்தால் எனக்குக் கொஞ்சம் பொறாமையாகக்கூட இருக்கிறது. பர்கூர் பக்கம் இன்ஜினியரிங் படிக்கும் பையன்கள் அவ்வப்போது வந்து கேட்பார்கள்: "அண்ணா, டீகம்பைல் பண்ணிட்டா அப்புறம் படிக்க வேண்டியதுதானே?" படிக்கலாம்தான். வலது பக்க ஜன்னலில் சி மொழி போலவே ஒன்று தெரியும். இஃப் இருக்கும், வைல் இருக்கும், அடைப்புக்குறிகள் ஒழுங்காக மூடியிருக்கும். ஆனால் அது எழுதியவர் எழுதிய சி அல்ல. "இந்தக் கட்டளைகளுக்குப் பின்னால் இப்படி ஒன்று இருந்திருக்கலாம்" என்று கருவி போட்ட கணக்கு. நல்ல கணக்குதான், பெரும்பாலும் சரியாகவே இருக்கும். ஆனாலும் கணக்கு கணக்குதான்.

நான் கிருஷ்ணகிரியில் கன்ட்ரோல் போர்டு பழுது பார்க்கிறவன். ஓசூர் சிப்காட்டிலிருந்து மெஷின் கார்டுகள் வரும். மாங்காய் சீசனில் மாம்பழக்கூழ் ஆலைக்காரர்கள் ராத்திரி பத்து மணிக்கும் போன் செய்வார்கள். பெரும்பாலான வேலை கெபாசிட்டர், ரிலே, கருகிப்போன டிராக் என்று சால்டரிங் அயர்னோடு முடிந்துவிடும். பைட்டுகளைக் கட்டளைகளாகப் பெயர்த்துக் காட்டும் டிஸ்அசெம்ப்ளரைத் திறக்கும் வேலை அபூர்வமாகத்தான் வரும். ராயக்கோட்டைப் பக்கம் சாக்கி சென்டர் நடத்தும் ஓர் அண்ணன் கொண்டுவந்த பெட்டி அப்படிப்பட்டது.

சாக்கி சென்டர் என்றால் இளம்புழு வளர்ப்பு மையம். பட்டுப்புழு முட்டையிலிருந்து வெளிவந்ததும் முதல் இரண்டு பருவங்களை இங்கே கடக்கும். இரண்டாவது தோலுரிப்பு முடிந்ததும் விவசாயிகள் வாங்கிப்போய்த் தங்கள் மனையில் வளர்ப்பார்கள். இந்தச் சின்னப் புழுக்களுக்கு 27, 28 டிகிரி வெப்பமும் 85 சதவீதத்தை ஒட்டிய ஈரப்பதமும் வேண்டும். அதைப் பார்த்துக்கொள்ளத்தான் அந்தப் பெட்டி: ஒரு சென்சார், ஒரு டிஸ்பிளே, நான்கு பட்டன், ஹீட்டருக்கும் ஈரப்பதமூட்டிக்கும் இரண்டு ரிலே. செய்து கொடுத்த கம்பெனி மூடிவிட்டது. மேனுவல் தொலைந்துபோய்விட்டது. புகார் இதுதான்: "சில நாள் தானா ஈரப்பதத்தைக் குறைச்சுக்குது தம்பி. ஆஃப் பண்ணி ஆன் பண்ணா சரியாயிடுது. பார்ட்ஸ் போச்சா, இல்ல புரோகிராமே தப்பா?"

போர்டில் எல்லாம் அளவு சரியாக இருந்தது. சிப் எஸ்டிஎம்32 வகை, எஃப்103. புரோகிராம் தங்கும் ஃபிளாஷ் 64 கேபி, கரண்ட் போனால் அழிந்துவிடும் ரேம் 20 கேபி, உள்ளே கார்ட்டெக்ஸ் எம்3 என்ற ஆர்ம் ப்ராசஸர். உள்ளே இருப்பதை வெளியே எடுக்கவிடாத படிப்புத் தடையைப் போடாமல் விட்டிருந்தார்கள். அது போட்டிருந்தால் கதை அங்கேயே முடிந்திருக்கும். இந்தச் சிப்பில் தடையை நீக்கப் போனால் ஃபிளாஷ் முழுவதும் அழிந்துவிடும். சிப்பைப் படிக்கும் எஸ்டி-லிங்க் கருவியைச் செருகி மூன்று ஒயரைப் பிடித்ததும் 65,536 பைட் கொண்ட ஒரு கோப்பு கையில் வந்தது.

விண்டோஸ் புரோகிராம் என்றால் கோப்பின் தலைப்பகுதியே எந்த ப்ராசஸர், கோட் எங்கே, டேட்டா எங்கே என்று சொல்லிவிடும். சிப்பிலிருந்து உரித்தெடுத்த பைட்டுகளில் அப்படி எதுவும் கிடையாது. நாம்தான் சொல்ல வேண்டும். இந்தக் குடும்பத்தில் ஃபிளாஷ் 08000000 என்ற முகவரியில் தொடங்கும், ரேம் 20000000-இல். கோப்பின் முதல் நான்கு பைட், ஸ்டாக் எனப்படும் தற்காலிக அடுக்கு எங்கே தொடங்குகிறது என்று சொல்லும். எனக்கு 20005000 வந்தது. ஹெக்ஸில் (16-ஐ அடிமானமாகக் கொண்ட எண்முறை, முகவரிகள் எல்லாம் இதில்தான்) 5000 என்பது 20 கேபி, அதாவது ரேமின் உச்சி. அடுத்த நான்கு பைட், மின்சாரம் வந்ததும் ஓட வேண்டிய முதல் ஃபங்ஷனின் முகவரி. அது ஒற்றைப்படை எண்ணாக இருக்கும். கடைசி பிட் 1 என்றால் ஆர்மின் தம்ப் வகைக் கட்டளைகள் என்று அர்த்தம். முகவரியைப் பார்த்து "ஒரு பைட் தள்ளியிருக்கு" என்று அதைத் திருத்தக் கூடாது. இந்த எட்டு பைட்டும் பொருந்தி வந்தால் பாதி நிம்மதி.

அடிப்படை முகவரியைக் கொடுக்காமல் 0-விலிருந்து ஏற்றினாலும் டிஸ்அசெம்ப்ளர் ஓடத்தான் செய்யும், கட்டளைகளும் வரும். ஆனால் அட்டவணைகளிலும் பாயின்டர்களிலும் இருக்கும் முகவரிகள் எல்லாம் இல்லாத ஊருக்குக் கையைக் காட்டும். ரிலே, பட்டன் போன்றவற்றோடு பேசும் வன்பொருள் ரெஜிஸ்டர்கள் இருக்கும் 40000000 பகுதியை 'வாலடைல்' என்று குறிப்பதும் முக்கியம். குறிக்காவிட்டால் டீகம்பைலர் அதைச் சாதாரண நினைவகம் என்று எண்ணி, ஒரே இடத்தில் அடுத்தடுத்து எழுதும் இரண்டு மதிப்புகளில் முதலாவதை வீண் என்று தூக்கிவிடலாம். வன்பொருளுக்கு அந்த முதல் எழுத்துதான் உயிராக இருக்கும்.

டிஸ்அசெம்ப்ளர் செய்வது எளிய வேலை என்று பலர் நினைக்கிறார்கள். பைட்டைப் பார், அட்டவணையில் தேடு, கட்டளையின் பெயரை எழுது, அவ்வளவுதானே? சிக்கல் எல்லாம் கட்டளை எங்கே தொடங்குகிறது என்பதில்தான். தருமபுரி அகழ்வைப்பகத்தில் வரிசையாக நிறுத்தியிருக்கும் நடுகற்களைப் பார்த்திருப்பீர்கள். வட்டெழுத்தில் வெட்டிய கற்களில் சொல்லுக்கும் சொல்லுக்கும் இடைவெளி இருக்காது, பல இடங்களில் மெய்யெழுத்துக்குப் புள்ளியும் இருக்காது. எழுத்து ஒவ்வொன்றையும் அடையாளம் கண்ட பிறகும் எங்கே பிரிப்பது என்று தெரியாமல் நிற்க வேண்டும். ஓர் இடத்தில் தப்பாகப் பிரித்தால் அடுத்த வரியும் ஏதோ ஒரு பொருளைத் தருவதுபோல் பாசாங்கு செய்யும். இன்டெல் எக்ஸ்86-இல் ஒரு கட்டளை 1 பைட்டும் இருக்கலாம், 15 பைட்டும் இருக்கலாம். தம்பில் 2 அல்லது 4. ஒரு பைட் தவறி ஆரம்பித்தாலும் பார்வைக்கு நல்ல கட்டளைகளாகவே வந்துகொண்டிருக்கும்.

இதற்கு இரண்டு வழிகள் உண்டு. ஆப்ஜ்டம்ப் போன்ற கருவி முதல் பைட்டிலிருந்து கடைசி வரை நேராக உழுதுகொண்டு போகும். ஆர்ம் கோடில் 32 பிட் மாறிலிகளை ஃபங்ஷன்களுக்கு நடுவிலேயே கொட்டி வைத்திருப்பார்கள். வெறும் பைட் கோப்பைக் கொடுத்தால் அது அந்த எண்களையும் கட்டளை என்று மொழிபெயர்த்து வைக்கும். ஐடா என்ற இன்னொரு கருவியும் கிட்ராவும் வேறு மாதிரி: தொடக்கப் புள்ளியிலிருந்து கிளம்பி, எங்கே தாவுகிறது, எதை அழைக்கிறது என்று பின்தொடர்ந்தே போகும். குப்பை குறையும். ஆனால் முகவரியை ப்ராசஸருக்குள் இருக்கும் ஒரு ரெஜிஸ்டரில் ஏற்றி அதன் வழியாக அழைத்தால் தடம் அறுந்துவிடும். அந்த ஃபங்ஷன் இருப்பதே கருவிக்குத் தெரியாமல் போகலாம். எது கோட், எது டேட்டா என்பதை எல்லா புரோகிராமுக்கும் பிழையில்லாமல் பிரித்துச் சொல்லும் வழிமுறை இருக்கவே முடியாது. இது கருவி செய்தவர்களின் சோம்பல் இல்லை, கணிதம் போட்ட எல்லை.

கருவிகளைப் பற்றி ஒரு வார்த்தை. ஐடாவை இல்ஃபாக் கில்ஃபானோவ் 1990களின் தொடக்கத்தில் எழுத ஆரம்பித்தார். அவருடைய பெல்ஜியம் கம்பெனியான ஹெக்ஸ்-ரேஸ் 2007-இல் டீகம்பைலரைக் கொண்டுவந்தது. எஃப்5 அழுத்தினால் சி போன்ற ஒன்று வரும் என்ற பழக்கம் அங்கிருந்து பரவியதுதான். விலை என்னைப் போன்ற ஆளுக்கு எட்டாது. 2019 மார்ச் 5 அன்று அமெரிக்காவின் என்எஸ்ஏ கிட்ராவை இலவசமாக வெளியிட்டது. ஓர் உளவு அமைப்பு தந்த கருவியை நம்பலாமா என்று அப்போது பலரும் பேசிக்கொண்டார்கள். அடுத்த மாதமே சோர்ஸ் கோடும் வெளியே வந்தது. இன்றைய டீகம்பைலர்கள் செய்யும் பல வேலைகளுக்கு அடித்தளம் இன்னும் பழையது. 1994-இல் ஆஸ்திரேலியாவில் கிறிஸ்டினா சிஃபுவென்டஸ் தன் முனைவர் பட்ட ஆய்வில் டாஸ் காலத்து புரோகிராம்களுக்கு டிசிசி என்ற டீகம்பைலரைக் கட்டிக் காட்டினார். தாவல்களின் கூட்டத்திலிருந்து இஃப், வைல் வடிவங்களை மீட்டெடுப்பது எப்படி என்பதை அங்கே முறையாகப் பார்க்கலாம்.

கிட்ரா ஒவ்வொரு கட்டளையையும் முதலில் பி-கோட் என்ற தன் நடுமொழிக்கு மாற்றும். அதனால்தான் ப்ராசஸர் எதுவாக இருந்தாலும் ஒரே டீகம்பைலர் போதுமாகிறது. பிறகு யாரும் பயன்படுத்தாத மதிப்புகளைக் கழித்து, மாறிகளுக்கு வகை ஊகித்து, வடிவம் கொடுக்கும். பெயர் மட்டும் கொடுக்காது. பெயர்கள் கம்பைல் ஆகும்போதே போய்விட்டன. ஃபங்ஷன் எல்லாம் தன் முகவரியையே பெயராகச் சுமந்து நிற்கும். அவற்றுக்குப் பெயர் வைப்பதுதான் நம் வேலை. மற்றதெல்லாம் அதற்கான ஏற்பாடு.

பெயர் வைக்க நான் முதலில் தேடுவது எண்களை. இந்தச் சிப்பில் தசமக் கணக்குக்கென்று தனி வன்பொருள் இல்லை. அதனால் ஒரு பெருக்கல்கூட ஃபங்ஷன் அழைப்பாகிவிடும், பெருக்க வேண்டிய எண் வெறும் பிட்டுகளாக உள்ளே போகும். அப்படி ஓர் இடத்தில் 1127200850 என்ற எண் உட்கார்ந்திருந்தது (ஹெக்ஸில் வந்ததை மாற்றி எழுதுகிறேன்). அதே பிட்டுகளைத் தசமப் புள்ளி எண்ணாகப் படித்தால் 175.72. பக்கத்தில் 1123680256. அது 125. இந்த இரண்டையும் பார்த்ததும் சென்சார் எது என்று தெரிந்துவிட்டது. சென்சிரியான் எஸ்எச்டி21-க்கான கையேட்டில் ஈரப்பதம் என்பது அளவை 65536-ஆல் வகுத்து 125-ஆல் பெருக்கி 6 கழிப்பது. வெப்பத்துக்கு 175.72-ஆல் பெருக்கி 46.85 கழிப்பது. பிசின் ஊற்றிப் பெயரே தெரியாமல் மூடி வைத்திருந்த சென்சாரை ஒரு பெருக்கல் எண் காட்டிக்கொடுத்தது. எச்டியூ21 என்ற வேறொரு சென்சாருக்கும் இதே சூத்திரம்தான், ஆனால் எனக்கு அந்த வித்தியாசம் தேவைப்படவில்லை.

டீகம்பைலரைக் குறை சொல்லிக்கொண்டே போவதாக நினைக்க வேண்டாம். டிஸ்பிளேயில் இலக்கங்களைப் பிரிக்கும் ஃபங்ஷனை அசெம்ப்ளியில், அதாவது வெறும் கட்டளைகளாகப் பார்த்தால் 3435973837-ஆல் பெருக்கி 35 பிட் வலப்பக்கம் நகர்த்து என்று இருக்கிறது. வகுத்தல் மெதுவானது என்பதால் கம்பைலர் செய்த தந்திரம் இது. 2-இன் 35-ஆம் அடுக்கு 34359738368. இரண்டு எண்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் பத்தில் ஒரு பங்கு என்று கண்ணுக்கே தெரியும். டீகம்பைலர் இந்தச் சுற்றை அவிழ்த்து "10-ஆல் வகு" என்று ஒரு வரியில் எழுதிவிட்டது. இதையெல்லாம் கையால் செய்து கண் பூத்துப்போன தலைமுறை ஒன்று இருந்தது. அவர்களை நினைத்தால் இந்தக் கருவிக்கு ஒரு கும்பிடு போடலாம்.

சரி, புகாருக்கு வருவோம். ரிலேயை இயக்கும் ஃபங்ஷனில் இலக்கு ஈரப்பதம் எடுக்கப்படுகிறது. அதற்கு முன்னால் ஒரு நிபந்தனை: ரேமில் ஒரு மாறி 1 ஆக இருந்து, ஒரு கடிகார எண்ணிக்கை இன்னொன்றிலிருந்து விலகியது 86400-க்குள் இருந்தால், இலக்கிலிருந்து 15 கழி. 86400 என்பது ஒரு நாளுக்கான நொடிகள். ஆக, 85 என்று வைத்திருந்தாலும் ஒரு நாள் முழுக்க 70-ஐப் பிடித்துக்கொண்டிருக்கும். அண்ணன் சொன்ன நோய் இதுதான். ஆனால் இது கெட்டுப்போன பெட்டியின் நடத்தை இல்லை. யாரோ யோசித்து எழுதியது.

அந்த மாறியை 1 ஆக்குவது யார் என்று தேடினால், யாருமே இல்லை! கிட்ராவின் குறிப்புப் பட்டியலில் அதைப் படிக்கும் இடம் மட்டும்தான் இருந்தது, எழுதும் இடம் கிடையாது. படிக்கப்படுகிற, ஒருபோதும் எழுதப்படாத மாறி என்றால் இரண்டில் ஒன்று: செத்த கோட், அல்லது கருவி இன்னும் பார்க்காத கோட். பெட்டி நிஜமாகவே இப்படி நடந்துகொள்வதால் இரண்டாவதுதான். டீகம்பைலர் ஜன்னலை மூடிவிட்டு, கட்டளையாகவும் ஆகாமல் டேட்டாவாகவும் ஆகாமல் கேள்விக்குறிகளாக நின்ற பகுதிகளைப் புரட்டினேன். ஓர் இடத்தில் சின்ன அட்டவணை: பட்டன் எண், எவ்வளவு நேரம் அழுத்த வேண்டும், 08 என்று தொடங்கும் ஒற்றைப்படை முகவரி. நான்கு பட்டனுக்கும் இப்படி வரிசைகள். மெனு முழுக்க இந்த அட்டவணை வழியாகத்தான் ஓடுகிறது. நேரடி அழைப்பு இல்லாததால் கிட்ரா உள்ளே போகவே இல்லை. அந்த முகவரிகளில் கட்டளையாக்கு என்று சொன்னதும் காணாமல் போயிருந்த ஃபங்ஷன்கள் வரிசையாக எழுந்து வந்தன. மூன்றாவது பட்டனை 5 நொடி அழுத்திப் பிடித்தால் அந்த மாறி 1 ஆகும். டிஸ்பிளேயின் ஓரத்தில் ஒரு புள்ளி மட்டும் எரியும்.

அழகான வலது பக்க ஜன்னலை மட்டும் நம்பியிருந்தால் இது கிடைத்திருக்காது என்பதுதான் பையன்களிடம் நான் திரும்பத் திரும்பச் சொல்வது. தான் பார்க்காததை டீகம்பைலர் "பார்க்கவில்லை" என்று சொல்லாது. இல்லாதது போலவே காட்டும்.

எப்படி என்பது புரிந்தது, எதற்கு என்பது புரியவில்லை. இப்போதைய வழக்கப்படி ஒரு ஏஐயிடம் அந்த ஃபங்ஷனைக் கொடுத்துப் பெயர் கேட்டேன். 'மின்சேமிப்பு முறை' என்று தயங்காமல் பெயர் சூட்டிவிட்டது. நம்பும்படிதான் இருந்தது. மாலையில் அண்ணனுக்குப் போன் போட்டேன்.

"மூணாவது பட்டனை அழுத்திப் பிடிச்சா ஒரு நாளைக்கு ஈரப்பதத்தை 15 குறைக்குதுண்ணா. எதுக்குன்னுதான் தெரியல."

மறுமுனையில் ஒரு நொடிகூட யோசிக்கவில்லை. "அட, அது மோல்ட்டுக்கு தம்பி!"

மோல்ட் என்றால் தோலுரிப்பு. புழு தோலுரிக்க உட்காரும்போது தீவனத்தை நிறுத்திவிடுவார்கள். படுக்கை காய்ந்திருக்க வேண்டும். ஈரமாக இருந்தால் புழுக்கள் சீராகத் தோலுரிக்காது, நோயும் வரும். அதற்காகச் சுண்ணாம்புத் தூள்கூடத் தூவுவார்கள். சின்னப் புழுவுக்கு அந்த ஓய்வு கிட்டத்தட்ட ஒரு நாள். 86400-க்கு அர்த்தம் அதுதான். பெட்டியைச் செய்தவர்களுக்குப் புழு வளர்ப்பு நன்றாகவே தெரிந்திருக்கிறது. மனையைக் கழுவும் ஆட்கள் பெட்டியைத் துடைக்கும்போது பட்டனை அழுத்திப் பிடித்திருக்கிறார்கள் என்பது அண்ணனின் ஊகம். எனக்கும் அதுதான் சரியென்று பட்டது. கிட்ராவில் அந்த ஃபங்ஷனுக்கு 'மோல்ட் முறை' என்று பெயர் மாற்றினேன். அதைத் தொட்டிருந்த மற்ற ஃபங்ஷன்களும் அப்புறம் தானாகவே விளங்கின.

இந்த வேலையில் கருவியைத் தெரிந்திருப்பதைவிட, அந்தப் புரோகிராம் எந்த உலகத்துக்காக எழுதப்பட்டதோ அந்த உலகத்தைத் தெரிந்த ஒருவரைத் தெரிந்திருப்பது பெரிது என்பது என் கட்சி. அசெம்ப்ளியில் கரைகண்டவர்கள் இதை ஒப்புக்கொள்ள மாட்டார்கள், பரவாயில்லை.

கூடவே இன்னொன்றும் வெளிப்பட்டது. அந்த மாறி ரேமில்தான் இருக்கிறது, நிரந்தரமாக எங்கும் சேமிக்கப்படவில்லை. தோலுரிப்பின் நடுவில் கரண்ட் போய் வந்தால் பெட்டி எல்லாவற்றையும் மறந்து மறுபடி 85-ஐப் பிடிக்க ஆரம்பிக்கும். "கரண்ட் கட்டான அன்னிக்குப் படுக்கை நசநசன்னு ஆயிடுது" என்று அண்ணன் வேறொரு சமயம் சொன்னதற்குக் காரணம் இதுவாகத்தான் இருக்க வேண்டும். இதைப் புரோகிராமில் சரிசெய்யாமல், பெட்டிக்கு மட்டும் ஒரு சின்ன யூபிஎஸ் வைக்கச் சொன்னேன்.

இதெல்லாம் சட்டப்படி சரியா என்று கேட்பவர்கள் உண்டு. நம் பதிப்புரிமைச் சட்டத்தின் 52-ஆம் பிரிவில் 1999-இல் சேர்த்த விதிவிலக்குகள் இருக்கின்றன. சட்டப்படி கையில் வைத்திருக்கும் புரோகிராம் எந்தக் கருத்துகளின் மேல் இயங்குகிறது என்று அறிய அதைக் கவனித்து, ஆராய்ந்து, சோதிப்பதற்கும், தனியாக எழுதிய இன்னொரு புரோகிராம் அதோடு சேர்ந்து இயங்கத் தேவையான தகவலை, வேறு வழியில் சுலபமாகக் கிடைக்காதபோது, எடுப்பதற்கும் அங்கே இடம் இருக்கிறது. பெட்டியை அப்படியே நகலெடுத்து விற்கிறேன் என்றால் அது வேறு கதை. அப்படிக் கேட்டும் ஒருவர் வந்தார், டீ வாங்கிக் கொடுத்து அனுப்பிவிட்டேன்.

இப்போது அண்ணன் புதிதாக ஒன்று கேட்கிறார். கோடையில் 15 குறைப்பது அதிகமாம், 10 போதுமாம். 85 என்பதை மெனுவில் மாற்றலாம், இந்த 15-ஐ மாற்ற மெனு கிடையாது. தம்ப் கட்டளையில் கழிக்க வேண்டிய எண் கட்டளையின் ஒரு பைட்டிலேயே உட்கார்ந்திருக்கிறது. அந்த ஒரு பைட்டை மாற்றினால் போதும். அதற்கு முன்னால், மின்சாரம் வந்ததும் புரோகிராம் தன் பைட்டுகளைக் கூட்டிப் பார்த்துச் சரிபார்க்கிறதா என்று பார்க்க வேண்டும். தொடக்க ஃபங்ஷன்களில் அப்படி ஒரு சுற்று இதுவரை கண்ணில் படவில்லை. அட்டவணை வழியாக அழைக்கப்படும் ஃபங்ஷன்களில் இன்னும் சில பாக்கி இருக்கின்றன. பழைய கோப்பின் பிரதி இரண்டு இடத்தில் இருக்கிறது, அதே வகைச் சிப் ஒன்றும் மேசையில் இருக்கிறது. முதலில் அதில் ஏற்றிப் பார்த்துவிட்டு, இந்த பேட்ச் புழுக்கள் விவசாயிகள் கைக்குப் போய் மனை காலியானதும் பெட்டியைக் கழற்றலாம் என்று சொல்லியிருக்கிறேன்.